கிரீடம் வைத்த பெண் கனவில் வந்தால்

முள்ளியவளைப் பக்கத்திலிருந்து ஒரு சகோதரி எழுதிக் கேட்டிருப்பது இது. குளக்கட்டில் ஒரு பெண் நிற்கிறாள். நனைந்த பட்டுச் சேலை, தலையில் பொன் கிரீடம். அரசி மாதிரித்தான் இருக்கிறாள், ஆனால் முகம் பிடிபடவில்லை. கிட்டப் போனதும் தன் கிரீடத்தைக் கழற்றி இவருடைய தலையில் வைக்கிறாள். பாரத்தில் கழுத்தைத் திருப்ப முடியாமல் விழிப்பு வந்துவிடுகிறது. ஒருமுறை கிரீடம் சரிந்து குளத்துக்குள் விழுந்ததாம். மாமியார், "முடி சூட்டிக் கனவு கண்டால் வீட்டில இழவு விழும்" என்று சொல்லிவிட்டார். இணையத்தில் பார்த்த வீடியோ ஒன்று பதவியும் பணமும் வரும் என்கிறது. எது சரி? கடைசியில் போகிற போக்கில் இரண்டு செய்தி சேர்த்திருக்கிறார்: தை மாதத்திலிருந்து ஊர் மாதர் கிராம அபிவிருத்திச் சங்கத்துக்கு அவர்தான் தலைவி. கணவர் கட்டாருக்கு வேலைக்குப் போக ஆயத்தம் செய்கிறார்.

வாசித்தபோது, கிரீடத்துக்கு அர்த்தம் தேடுவது இரண்டாம் பட்சம் என்றே எனக்குப் பட்டது. கணவர் புறப்படப்போகிற நேரத்தில் இழவு என்ற பேச்சு வீட்டுக்குள் வந்துவிட்டது. நான் பயப்பட வேண்டுமா என்பதுதான் இவர் கேட்பது. அதற்கு முதலில் பதில் சொல்லிவிடுகிறேன்: வேண்டாம். கனவில் இன்ன பொருளைக் கண்டால் வீட்டில் சாவு நடக்கும் என்பதற்கு எந்த ஆதாரமும் இல்லை. அதே மாதிரி, பதவி வரும் பணம் வரும் என்பதற்கும் இல்லை. இந்த இரண்டும் எனக்கு உறுதியாகத் தெரிந்தவை. இதற்குப் பிறகு நான் எழுதுவதில் ஒரு பகுதி படித்தது, ஒரு பகுதி கிளிநொச்சியிலும் முல்லைத்தீவிலும் உளவளத்துணை வேலையில் பல வருடங்களாகக் கேட்டுக் கேட்டு வந்த அபிப்பிராயம். எது எது என்று பிரித்தே சொல்கிறேன்.

கனவுக்குப் பலன் சொல்லும் பழைய புத்தகங்களில் முழுதாகக் கைக்குக் கிடைப்பவற்றில் பேர் பெற்றது கிரேக்கர் ஆர்ட்டெமிடோரஸ் கி.பி. 2ஆம் நூற்றாண்டில் எழுதியது. ஐந்து பாகம். ஊர் ஊராகப் போய்க் கனவு சொல்பவர்களைத் தேடிக் கேட்டு எழுதிய ஆள். முடிகளைப் பற்றி அவர் நிறையவே சொல்கிறார், பூவால் கட்டியது, இலையால் கட்டியது, பொன்னால் செய்தது என்று. பொன்முடி நல்லது என்று நாம் நினைப்போம். அவரோ, நோயாளி பொன்முடி சூடக் கண்டால் கெடுதி என்கிறார். பொன் வெளிறிய நிறம், பாரமானது, தொட்டால் குளிர்வது, ஆகவே சாவை ஒத்தது என்பது அவர் சொல்லும் காரணம். அடிமை ஒருவன் கண்டால் ஒரு பலன், வசதியுள்ளவன் கண்டால் இன்னொன்று. இன்னோரிடத்தில் ஏழு கர்ப்பிணிப் பெண்களைப் பற்றி எழுதுகிறார். ஏழு பேரும் பாம்பைப் பெற்றதாகக் கனவு கண்டவர்கள். ஒருத்தியின் மகன் பெரிய பேச்சாளன் ஆனான், ஒருத்தியின் மகன் குறி சொல்பவன், இன்னொருத்தியின் மகன் கொள்ளைக்காரன். கனவு ஒன்று, தாய்மார் வேறு வேறு. அவருடைய பலன்கள் எதையும் நான் நம்பவில்லை. ஆனால் ஆளைக் கேட்காமல் கனவுக்குப் பலன் சொல்லாதே என்ற அந்த ஒழுங்கை இன்றைக்கும் நல்ல ஒழுங்கு என்றே சொல்வேன். வீடியோக்காரர் உங்களிடம் ஒரு கேள்வியும் கேட்கவில்லை, கவனித்தீர்களா?

நம்முடைய மரபிலும் கனாநூல் உண்டு. சிலப்பதிகாரத்துக்கு உரை எழுதிய அடியார்க்குநல்லார், பொன்னவன் என்பவருடைய கனாநூலிலிருந்து எடுத்துக் காட்டுகிறார். முதல் சாமத்தில் கண்டது ஓராண்டில் பலிக்கும், இரண்டாம் சாமம் எட்டு மாதம், மூன்றாம் சாமம் மூன்று மாதம், கடைசிச் சாமத்தில் கண்டது பத்து நாளுக்குள். விடியக் கண்ட கனவு பலிக்கும் என்று நம் வீடுகளில் சொல்வது இந்த வழியில் வந்த பேச்சுத்தான். இதற்கு உடலோடு சம்பந்தப்பட்ட ஒரு விளக்கம் இருக்கிறது. 1953இல் அசெரின்ஸ்கி, கிளைட்மன் என்ற இரண்டு ஆய்வாளர்கள், நித்திரையில் கண்கள் வேகமாக அசைகிற கட்டம் ஒன்று இருப்பதையும், அந்த நேரத்தில் எழுப்பினால் ஆட்கள் கனவைத் தெளிவாகச் சொல்வதையும் எழுதினார்கள். அந்தக் கட்டம் கிட்டத்தட்ட ஒன்றரை மணித்தியாலத்துக்கு ஒருமுறை வருகிறது, விடியலை நெருங்க நெருங்க நீளுகிறது. ஆகவே விடியற்புறக் கனவு நீளமானது, விரிவானது, விழித்ததும் ஞாபகத்தில் நிற்பது. பலிக்கும் என்ற எண்ணம் அதிலிருந்து வந்திருக்கலாம். இது என் ஊகம்.

மாமியார் சொன்னதை மூட நம்பிக்கை என்று தள்ளிவிட எனக்கு மனமில்லை. பலன் பிழை, ஆனால் பயம் வந்த வழி தெரிகிறது. நம் பக்கத்தில் கலியாணக் கனவு கண்டால் கெட்டது என்பார்கள். ஆளை அலங்கரித்து, பூ வைத்து, சனம் கூடி வழியனுப்புவது இரண்டு நாளில்தானே நடக்கிறது, கலியாணத்தன்று ஒன்று, மற்றது உங்களுக்குத் தெரியும். சோடனை கண்டால் சாவு என்ற கணக்கு அங்கிருந்து வருகிறது, கிரீடமும் சோடனைதான். இரண்டாவது வழி கண்ணகி கதை. கண்ணகி அம்மன் கோயில் இருக்கிற வற்றாப்பளைக்குக் கிட்ட இருக்கிறவர்களுக்கு அந்தக் கதையை யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை, பாட்டாகவும் கோவலன் கூத்தாகவும் சின்னதிலிருந்தே காதில் விழுந்தது. அதில் கனவு கண்டு கலங்கும் அரசி ஒருத்தி இருக்கிறாள், பாண்டியன் தேவி. செங்கோலும் வெண்குடையும் சரிந்து விழுகின்றன, கடைமணி ஓசை கேட்கிறது, திசை எட்டும் அதிர்கிறது, சூரியனை இருள் விழுங்குகிறது, இரவில் வானவில், பகலில் நட்சத்திரம் விழுகிறது. அவள் கனவைச் சொல்லி முடிக்கக் கண்ணகி வாசலில் வந்து நிற்கிறாள். அன்றைக்கே அரசனும் அரசியும் இல்லை. அந்தக் கனவில் அரசியின் முடி விழவில்லை என்பதையும் சொல்லிவைக்கிறேன், விழுந்தது கோலும் குடையும். ஆனால் கூத்துப் பார்த்த மனதுக்கு அரசி, கனவு, சாவு மூன்றும் ஒன்றாகத்தான் பதியும்.

கம்பனில் இன்னும் பொருத்தமான இடம் ஒன்று உண்டு, அதுவும் நடப்பது இலங்கையில். அசோகவனத்தில் சீதைக்குத் திரிசடை தான் கண்ட கனவைச் சொல்கிறாள். இராவணன் தன் பொன்முடிகளில் எல்லாம் எண்ணெய் வழிய, கழுதையும் பேயும் பூட்டிய தேரில், சிவப்பு உடுத்தித் தெற்கே போகிறான். அப்புறம் செய்யவள், அதாவது திருமகள், ஆயிரம் சுடர் வைத்த விளக்கு ஒன்றை ஏந்திக்கொண்டு இராவணன் மாளிகையை விட்டு வெளிக்கிட்டு விபீடணன் மாளிகைக்குள் போகிறாள். முடியும் இருக்கிறது, பெருமைக்குரிய பெண்ணும் இருக்கிறாள், ஆனால் கெடுதியும் நன்மையும் அந்தப் பொருளில் இல்லை. எண்ணெய் வழிந்ததாலும், விளக்கு வீடு மாறியதாலும்தான் கனவுக்கு அர்த்தம் வருகிறது. ஆனால் ஒன்று: இவை புலவர்கள் கட்டிய கனவுகள். அடுத்த காதையில் என்ன நடக்கும் என்று தெரிந்தவர் எழுதிய கனவு பலிக்காமல் போகுமா? நம் கனவைப் பாட்டில் வரும் கனவோடு வைத்து அளக்கக் கூடாது.

இனி அந்தப் பெண் யார் என்பதற்கு வருவோம். வன்னியில் ஒருவர் "அரசி மாதிரி ஒரு பெண்" என்றால் நான் முதலில் கேட்பது, கிரீடம் வைத்த பெண்ணை நேரில் எங்கே பார்த்திருக்கிறீர்கள் என்பதுதான். இங்கிலாந்து மகாராணியைப் படத்தில் பார்த்திருப்போம், பழைய நோட்டிலும் பார்த்திருப்போம். அது கனவில் வருவது குறைவு. வன்னியை ஆண்ட வன்னியர்கள் யாழ்ப்பாண அரசனுக்கும் பிறகு போர்த்துக்கேயருக்கும் ஒல்லாந்தருக்கும் யானைகளைத் திறையாகக் கொடுத்த தலைவர்கள், அவர்களுடைய அரசிருக்கை நம் நினைவில் பெரிதாக இல்லை. 1803இல் முல்லைத்தீவுக் கோட்டையைத் தாக்கிய பண்டாரவன்னியனை நினைக்கும்போதும் வாள்தான் ஞாபகம் வரும், முடி வராது. பெண்களில் ஞாபகம் இருப்பது நாச்சிமார். புருசன்மார் இறந்துவிட்டார்கள் என்று நம்பித் தீயில் இறங்கிய வன்னியர் மனைவிமார் தெய்வமானார்கள் என்று சொல்வார்கள். வரலாறு என்று அதை நான் முன்வைக்கவில்லை, ஆனால் கும்பிடுகிறவர்களுக்கு அது கதை மாத்திரமும் அல்ல.

ஆக, இங்கே கிரீடத்தோடு கண்ணில் படுகிற பெண்கள் யார்? சாத்துப்படி செய்த அம்மன். கூத்து மேடையில் அரசி வேடம் போட்ட ஆம்பிளை. அப்புறம் மடு மாதா. 1670 அளவில் ஒல்லாந்தர் கத்தோலிக்கரைத் துன்புறுத்திய காலத்தில் மாந்தையிலிருந்து காட்டுக்குள் கொண்டுவரப்பட்ட சுரூபம் அது. 1924 யூலை 2ஆம் திகதி அதற்கு முடிசூட்டினார்கள், அந்த நாள் இன்றைக்கும் ஆடித் திருவிழா. 2008 ஏப்ரலில் சண்டை நெருங்கியபோது அந்த முடிசூடிய தாயையும் தூக்கிக்கொண்டு தேவன்பிட்டிக்குப் போக வேண்டியிருந்தது. மன்னார்ப் பக்கத்துத் தாய் ஒருவர் கனவில் கிரீடம் வைத்த பெண்ணைக் கண்டால் மாதா வந்தா என்றுதான் சொல்வார். அதே கனவை முல்லைத்தீவுத் தாய் கண்டால் அம்மன் வந்தா என்பார். சைவமா வேதமா (கிறிஸ்தவமா) என்பதைப் பொறுத்துப் பெயர் மாறுகிறது. இரண்டு பேரும் விழித்ததும் தேடுவது நேர்த்திக்கடனைத்தான்.

வற்றாப்பளை அம்மன் கதையில் எனக்கு எப்போதும் ஆச்சரியம் தருகிற இடம் ஒன்று. மதுரையை எரித்துவிட்டு வந்தவள் நந்திக்கடல் கரையில் மாடு மேய்க்கும் பெடியன்களுக்குக் கிழவியாகத்தான் தெரிகிறாள். கிரீடம் இல்லை, பட்டு இல்லை. பசிக்குது என்கிறாள், பொங்குகிறார்கள். விளக்குக்கு எண்ணெய் இல்லை என்றால் கடல் தண்ணியை ஊற்றி எரி என்கிறாள். தலையில் பேன் பார்க்கச் சொல்கிறாள், பார்த்தால் தலை முழுக்கக் கண்கள். இன்றும் வைகாசி விசாகப் பொங்கலுக்கு உப்புநீரில்தான் விளக்கு எரிகிறது. கிரீடம் இருக்க வேண்டிய இடத்தில் ஆயிரம் கண்ணை வைத்த கதை இது. உங்கள் கனவிலும் தண்ணிக்கரை, முகம் பிடிபடாத பெண், தலை. இதெல்லாம் அந்தக் கதையிலிருந்து வந்தது என்று நான் சத்தியம் செய்ய மாட்டேன். ஆனால் அந்தக் கதைக்குள் வளர்ந்தவர் நீங்கள்.

இன்னொரு கிரீடத்தையும் விட்டுவிடக் கூடாது, சாமத்திய வீட்டுக் கிரீடம். இப்போதெல்லாம் பிள்ளையை இராசாத்தி மாதிரிக் கிரீடம் வைத்து, சிங்காசனத்தில் இருத்தி, அல்பம் அடிக்கிறார்கள். உங்கள் வயதை நீங்கள் எழுதவில்லை. 2008, 2009இல் தறப்பாளுக்குக் கீழே பெரிய பிள்ளையாகி, சடங்கும் இல்லாமல் படமும் இல்லாமல் போனவர்களை நிறையவே அறிவேன். அவர்களில் சிலர் தங்கள் மகளுக்குச் சடங்கு செய்கிற காலத்தில் இப்படியான கனவு சொன்னதுண்டு. உங்களுக்கு அது பொருந்தாவிட்டால் விட்டுவிடுங்கள்.

மேல்நாட்டு உளவியல் என்ன சொல்கிறது என்றும் கேட்பீர்கள். 1900இல் வந்த கனவு நூலில் பிராய்ட், கனவில் வரும் அரசனும் அரசியும் பெரும்பாலும் தாய் தகப்பன் என்றார், இளவரசி கனவு காண்கிறவர். யுங் அதை இன்னும் பெரிதாக்கி, மனித மனத்துக்குப் பொதுவான உருவங்கள் என்றும், முடிசூடல் என்பது மனம் முழுமை அடைவதன் படம் என்றும் எழுதினார். இரண்டுமே வாசிக்கச் சுவையாக இருக்கும், ஆனால் சோதித்து நிறுவியவை அல்ல. என் வேலைக்கு அதிகம் உதவியது அமெரிக்கர் கால்வின் ஹோல் காட்டிய வழி. அவர் ஆயிரக்கணக்கான கனவுகளைச் சேர்த்து, யார் வருகிறார்கள், என்ன செய்கிறார்கள் என்று எண்ணிப் பார்த்தார். பெரும்பாலும் பகலில் நம்மைப் பிடித்திருக்கிற ஆட்களும் கவலைகளுமே இரவிலும் வருகின்றன என்பது அந்த வழியில் வந்த ஆய்வுகளின் சாரம். இதற்கு ஆதாரம் மற்ற இரண்டையும் விட உறுதியானது.

அந்தக் கண்ணால் உங்கள் கனவைப் பார்த்தால், நீங்கள் கடைசி வரியில் ஒதுக்கி எழுதியதுதான் எனக்கு முதலில் தெரிகிறது. தை மாதத்திலிருந்து தலைவி. மாதர் சங்கத் தலைவி என்றால் என்ன என்று வெளியாட்களுக்குத் தெரியாது: கூட்டத்துக்கு ஆள் கூப்பிட வேண்டும், சுழற்சிக் கடன் கட்டாதவளின் வீட்டுக்குப் போய்ச் சிரித்துக்கொண்டே கேட்க வேண்டும், கிராம சேவகருக்கும் பிரதேச செயலகத்துக்கும் கடிதம் கொண்டு அலைய வேண்டும், கணக்கில் நூறு ரூபாய் குறைந்தால் பதில் சொல்ல வேண்டும். சம்பளம் இல்லை. இப்போது கணவரும் போய்விட்டால் வீட்டின் பாரமும் உங்கள் தலையில். இன்னொரு பெண் தன் தலையில் இருந்ததைக் கழற்றி உங்கள் தலையில் வைக்கிறாள், கழுத்தைத் திருப்ப முடியவில்லை. உங்களுக்கு முன்னம் தலைவியாக இருந்தவர் யார், எப்படி விட்டுப் போனார் என்று யோசித்துப் பாருங்கள். உங்கள் தாயார் இருக்கிறாரா என்பதையும் நீங்கள் எழுதவில்லை. பிராய்ட் சொன்னார் என்பதற்காக நான் இதைக் கேட்கவில்லை. தாய் போனபிறகு வீட்டுச் சாவி கைக்கு வந்த பெண்கள் சொல்லும் கனவுகள் சில இப்படித்தான் இருக்கும். கிரீடம் குளத்தில் விழுந்தபோது பதறினீர்களா, அப்பாடா என்று இருந்ததா? பலன் கேட்பதை விட இந்த ஒரு கேள்விக்கு நீங்களே பதில் சொல்வது பிரயோசனம். இது என் வாசிப்பு, அவ்வளவுதான். உங்களுக்கு ஓம் என்று படாவிட்டால் அது பிழை, உங்கள் கனவுக்கு என்னை விட நீங்கள்தான் உரித்தாளி.

சாதாரணமான காரணங்களையும் பார்த்துவிட வேண்டும். நித்திரையில் உடம்பில் படுவது கனவுக்குள் நுழையும். கழுத்துப் பிடிப்பு, தலையிடி, இறுக்கிக் கட்டிய கொண்டையோடு படுப்பது எல்லாம் தலையில் பாரமாக வரலாம். தலையிடிக்கோ பிறசருக்கோ புரோப்பிரனோலோல் போன்ற குளிசை எடுக்கிறவர்களுக்குக் கனவு பளிச்சென்று, சிலவேளை பயங்கரமாக வருவது தெரிந்த பக்க விளைவு. மனச்சோர்வுக்கான சில மருந்துகளும் அப்படித்தான். புதிதாக ஏதாவது தொடங்கியிருந்தால் டொக்டரிடம் சொல்லுங்கள், நீங்களாக நிறுத்த வேண்டாம்.

கனவு திரும்பத் திரும்ப வந்து, படுக்கப் போகவே பயம் என்ற நிலை வந்தால் அதற்கு வைத்தியம் உண்டு. விழித்திருக்கும்போது, பகலில், அந்தக் கனவை எழுதி, முடிவை நீங்கள் விரும்பியபடி மாற்றி, மாற்றியதை மட்டும் தினமும் பத்து இருபது நிமிடம் மனதில் ஓட்டிப் பார்ப்பது ஒரு முறை. அமெரிக்காவில் பரி கிரக்கோ குழுவினர் பாலியல் வன்முறைக்கு ஆளான பெண்களிடம் இதைச் செய்து பார்த்து, கெட்ட கனவுகள் குறைந்ததை 2001இல் வெளியிட்டார்கள். உங்கள் கனவுக்கு இதைத் தனியாகவே செய்து பார்க்கலாம்: கிரீடத்தைத் திருப்பிக் கொடுக்கலாம், குளக்கட்டில் இறக்கி வைக்கலாம், அந்தப் பெண்ணிடம் யார் நீ என்று கேட்கலாம். ஆனால் கனவில் செல் விழும் சத்தம், பங்கர், இறந்தவர்கள் வருவதாக இருந்தால், அல்லது பகலிலும் அந்தக் காட்சிகள் கண்முன் வந்தால், தனியாக இதில் இறங்க வேண்டாம். மாவட்ட வைத்தியசாலையின் மனநலப் பிரிவுக்குப் போங்கள், போக முடியாவிட்டால் 1926 என்ற தேசிய மனநல உதவி இலக்கத்துக்கு அழையுங்கள். வன்னியில் இப்படிப் போகிற ஆள் நீங்கள் ஒருவர் மட்டுமாக இருக்க மாட்டீர்கள்.

மாமியாரோடு வாதாட வேண்டாம். அவருக்கும் மகன் போகப்போகிறான் என்ற பயம் இருக்கிறது, அது கனவின் மேல் ஏறி வந்திருக்கலாம். இரண்டு பேருமாக வற்றாப்பளைக்குப் போய்ப் பொங்கிவிட்டு வர விரும்பினால் போங்கள், மனம் ஆறும். தோஷம் கழிக்க இவ்வளவு காசு என்று யாராவது கணக்குச் சொன்னால் மட்டும் எழும்பி வந்துவிடுங்கள். கணவரின் பயணத்தை இந்தக் கனவுக்காகத் தள்ளிப்போட ஒரு காரணமும் இல்லை. பயணத்தைப் பற்றி உண்மையில் விசாரிக்க வேண்டியது வேறு: ஏஜென்சிக்கு அனுமதிப்பத்திரம் இருக்கிறதா, ஒப்பந்தத்தில் எழுதியிருக்கும் சம்பளமும் வாயால் சொன்ன சம்பளமும் ஒன்றா, விசிட் விசாவில் அனுப்பப் பார்க்கிறார்களா. வெளிநாட்டு வேலைவாய்ப்புப் பணியகத்தின் 1989 என்ற இலக்கத்துக்கு எடுத்தால் சொல்வார்கள். காசு கட்ட முதல் எடுங்கள்.